தரையில் குழி, மதிலில் வாசல்: மாயத்தோற்ற ஓவியத்தில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

மாயத்தோற்றத் தெரு ஓவியத்தில் பெரும்பாலானோர் செய்யும் முதல் தவறு, படத்தை வரைந்து முடித்த பின்னர் அதனை எங்கிருந்து பார்ப்பது என்று தேடுவதாகும். தரையில் குழியாகவோ மதிலில் வாசலாகவோ தோன்றும் ஓவியம், குறித்த ஓரிடத்தில் நிற்பவரின் கண்ணுக்காகவே நீட்டியும் சாய்த்தும் வரையப்படுகிறது. உரோமிலுள்ள புனித இக்னாசியுஸ் ஆலயத்தில் 1685இல் அந்திரேயா பொஸ்ஸோ தட்டையான துணியில் தீட்டிய குவிமாடத்தைப் பார்க்க நிற்க வேண்டிய இடம், இன்றும் தரையில் சலவைக்கல்லால் குறிக்கப்பட்டிருக்கிறது.

அடுத்தது அளவைக் கண்மட்டத்துக்கு விட்டுவிடுவது. பார்ப்பவரின் கண் 1.6 மீற்றர் உயரத்தில் இருக்க, நான்கு மீற்றர் தள்ளி அரை மீற்றர் உயரப் பெட்டியொன்று நிற்பதாகக் காட்ட வேண்டுமானால், தரையில் அதன் உயரத்தை ஏறத்தாழ 1.8 மீற்றருக்கு நீட்ட வேண்டும். பெட்டியின் உயரம் ஒரு மீற்றரானால் நீட்சி இரு மடங்கோடு நிற்காது, 6.7 மீற்றரை நெருங்கிவிடும். கணக்குப் பிடிக்காதவர்கள் 1.6 மீற்றர்த் தடியொன்றை நட்டு, அதன் உச்சியிலிருந்து உண்மையான பெட்டியின் மேல்விளிம்பைத் தொட்டுத் தரைவரை நூல் பிடித்துப் பார்க்கலாம். பின்னால் ஓரிரு அடி விலகினால் பெட்டி சற்றுக் குட்டையாகும், அவ்வளவுதான். பக்கவாட்டில் நகர்ந்தாலோ முழுவதும் சரிந்துவிடும். ஆகையால் ஆட்கள் நேராக நடந்துவரும் ஒடுங்கிய பாதையே இதற்கு ஏற்றது.

வெயிலை மறப்பது நம்மூரான திருகோணமலையில் கூடுதலாகக் காட்டிக்கொடுக்கும். டச்சுக் குடாக் கரைக்குச் சனம் வருவது பெரும்பாலும் மாலையில். அப்போது சூரியன் மேற்கே, நகரின் பக்கம் இருப்பதால், கடலைப் பார்த்தபடி காணும்படி வரைந்தால் படமெடுப்பவரின் நீண்ட நிழலே ஓவியத்தின்மேல் விழுந்துகிடக்கும். கரையோரமாக வடக்கு நோக்கிப் பார்க்கும்படி அமைத்து, வரையும் நிழலை வலப்பக்கம், கடலை நோக்கி விழச்செய்வதே சரி. பளபளக்கும் பூச்சும் வேண்டாம். ஒளி பட்டு மினுங்கியவுடன் குழி வெறுந்தரையாகிவிடும், மாரியில் வழுக்கவும் செய்யும். உப்புப் பூத்த மதிலைச் சுரண்டிக் கழுவிக் காயவிடாமல் தீட்டிய வண்ணம் எப்படியும் உரியும்.

இடத்தேர்விலும் நிதானம் வேண்டும். பிரெட்றிக் கோட்டை மதில் எவ்வளவு ஆசைகாட்டினாலும் அது தொல்லியல் சின்னம். தூரிகையுடன் அந்தப் பக்கம் போகவே கூடாது. ஐஸ்லாந்தின் இசாபியோர்தூரில் 2017இல் மிதக்கும் கட்டைகள்போல் வரைந்த பாதசாரிக் கடவையைக் கண்டு இங்கும் செய்ய விரும்புவோர், அது வாகனங்கள் மெதுவாகச் செல்லும் ஒடுங்கிய தெருவில், அனுமதியோடு வரையப்பட்டது என்பதைக் கவனிக்க வேண்டும். வேகமாக வரும் மோட்டார் சைக்கிள்காரர் வரைந்த குழியை உண்மையென்று நம்பி வெட்டித் திருப்பினால், பக்கத்தில் வரும் ஓட்டோவில்தான் மோதுவார்.