ஒரு ஹோஸ் பைப், ஒரு ஃபோன்: ஒரு நிமிட ஊமைப்படம் எடுப்போமா?

ஊமைப்பட நகைச்சுவை எடுக்கப் பழக, 1895-இல் சினிமா முன்னோடி லூயி லூமியர் பிரான்ஸில் எடுத்த 'லரோசெர் அரோசே'யை (தண்ணீர் விட்டவரே நனைந்த கதை) அப்படியே திரும்ப எடுத்துப் பாருங்கள். ஒரு நிமிடம்கூட ஓடாத படம். தோட்டக்காரர் செடிக்குத் தண்ணீர் விடுகிறார். பின்னால் வரும் பையன் ஹோஸை மிதிக்க, தண்ணீர் நின்றுவிடுகிறது. அவர் குழாயின் வாயை முகத்தருகே பிடித்து உற்றுப் பார்க்கிறார். பையன் காலை எடுக்கிறான். சரி, மிச்சம் உங்களுக்கே தெரியும்.

முதலில் ஃபோனை ஸ்டாண்டில் வைத்துப் படுக்கைவாக்கில் நிறுத்துங்கள். இனி அதைத் தொடவே கூடாது. இருவரும் தலை முதல் கால் வரை தெரிய வேண்டும், ஹோஸை மிதிக்கும் கால் முக்கியமாக. தோட்டக்காரருக்குத் தெரியாதது நமக்கு முன்பே தெரிவதால்தான் சிரிப்பு வருகிறது. கால் மறைந்தால் அது வெறும் குழாய்க் கோளாறு. லூமியரின் கேமராவும் அசையாது. அதனால் தோட்டக்காரர் ஓடிப்போய்ப் பையனைப் பிடித்து, காதைத் திருகி, கேமராவுக்கு முன்னால் இழுத்து வந்துதான் அடிக்கிறார்! நீங்களும் அப்படியே செய்யுங்கள்.

அடுத்து ஒத்திகை. தண்ணீர் திறக்காமல் ஐந்தாறு முறை பாருங்கள். நான் முதல் தடவையே குழாயைத் திறந்துவிட்டு, மாற்றுச் சட்டை இல்லாமல் அரைநாள் வெயிலில் நின்றேன்.

நடிக்கும்போது யாரும் சிரிக்கக் கூடாது. ஊமைப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன் எத்தனை முறை விழுந்தாலும் பெரும்பாலும் முகத்தில் ஒரு சிரிப்பைக் காட்டமாட்டார். தண்ணீர் நின்றதும் தோட்டக்காரர் மனதுக்குள் மூன்று எண்ணட்டும், அப்புறம் குனியட்டும். அந்த இடைவெளியை எடிட்டிங்கில் வெட்டிவிடாதீர்கள்.

எடுத்த பிறகு வேகம். அந்தக் காலத்தில் கேமராவைக் கையால் சுற்றினார்கள். மெதுவாகச் சுற்றி எடுத்ததை வேகமாக ஓட்டினால், ஆட்கள் துள்ளித் துள்ளி நடப்பார்கள். எடிட்டிங் ஆப்பில் 1.2 அல்லது 1.3 மடங்கு வையுங்கள். 2 மடங்கு வைத்தால் எறும்புக் கூட்டம் மாதிரி ஆகிவிடும். கறுப்பு வெள்ளை உங்கள் விருப்பம். ஊமைப்படங்களில் நடுவே வசனத்தைக் காட்டும் எழுத்து அட்டை இந்தக் கதைக்குத் தேவையே இல்லை.

கடைசியாக, கதை தெரியாத ஒருவரிடம் சத்தத்தை அணைத்துப் போட்டுக் காட்டுங்கள். "தண்ணி ஏன் நின்னுது?" என்று அவர் கேட்டால், கால் சரியாகத் தெரியவில்லை. சட்டையைக் காயப்போட்டுவிட்டு மறுபடி எடுங்கள்.