வீட்ல சண்டையும் இல்ல, பேச்சும் இல்லன்னா என்ன பண்ணலாம்

"உங்கப்பாவுக்கு இன்னும் ரெண்டு தோசை வேணுமான்னு கேளு"ன்னு கிச்சன்லேர்ந்து அம்மா சொல்றாங்க, அப்பா நாலடி தள்ளி ஹால்லதான் இருக்காரு, காதும் நல்லா கேக்குது, ஆனா "போதும்னு சொல்லு"ன்னு உங்ககிட்டதான் சொல்வாரு. வெளில பாத்தா ஜோடியா கல்யாணத்துக்கு போய் மொய் எழுதிட்டு வர்ற குடும்பம்தான்.

மொதல்ல இந்த தூது போற வேலைய விடுங்க. கோவமா இல்ல, "நீயே கேளும்மா, இங்கதான இருக்காரு"ன்னு சாதாரணமா சொல்லிட்டு நகந்துடுங்க. கொஞ்ச நாள் வீடு இன்னும் இறுகும், பாத்திரம் வைக்கிற சத்தம் கூடும், கண்டுக்காதீங்க. சின்ன பசங்கள நடுவுல விட்டு பேசிக்கிட்டிருந்தா உடனே நிறுத்தணும், பாவம் அதுங்க.

அப்புறம், உக்கார வச்சு "ஏன் இப்படி இருக்கீங்க"ன்னு கேட்டா "ஒண்ணுமில்ல"தான் வரும். பக்கத்துல உக்காந்து கீரை ஆய்ங்க, துணி மடிங்க, கை வேலைல இருக்கறப்ப மூஞ்சிய பாக்க வேண்டியதில்ல, அப்பதான் பேச்சு வரும். அப்பாவா இருந்தா வண்டில பின்னாடி உக்காந்து போறப்ப. கேள்வியும் சின்னதா இருக்கட்டும், "அன்னைக்கு பெரியம்மா வீட்ல அப்படி சொன்னது கஷ்டமா இருந்துச்சாம்மா?" இவ்ளோ போதும். பதில் வந்ததும் "அவர் குணம் தெரிஞ்சதுதான, அட்ஜஸ்ட் பண்ணிக்கோ"ன்னு மட்டும் சொல்லிடாதீங்க, அதோட சரி, அடுத்த தடவ வாயே தொறக்க மாட்டாங்க. கேட்டத அந்தப்பக்கம் போய் ஒப்பிக்கவும் கூடாது. மாமா, சித்தப்பாவ கூப்ட்டு பஞ்சாயத்து வைக்கிறதெல்லாம் எனக்கு சுத்தமா ஒப்பாது, அன்னைக்கு தலையாட்டிட்டு மறுநாள்லேர்ந்து இன்னும் மோசமாயிடும்.

முறைச்சுக்கிட்டு இருக்கறது வேற, செலவுக்கு காசு குடுக்காம, போன நோண்டி, பொறந்த வீட்டுக்கு போக விடாம அடக்கி வைக்கிறது வேற, ரெண்டையும் ஒண்ணா போட்டு குழப்பாதீங்க. அடிச்சாதான் கேஸுன்னு நெனைக்கறாங்க, 2005ல வந்த குடும்ப வன்முறை சட்டத்துல பேச்சால நோகடிக்கறதும் காச நிறுத்தி வைக்கிறதும்கூட வன்முறைதான். பெண்கள் 181க்கு எந்நேரமும் கூப்பிடலாம், மாவட்ட சமூக நல ஆபீஸ்ல பாதுகாப்பு அலுவலரையும் பாக்கலாம். தூக்கம், சாப்பாடெல்லாம் கெட்டு ஒருத்தர் உள்ளுக்குள்ளயே சுருங்கிட்டாருன்னா 14416க்கு கூப்பிடுங்க, டெலி மானஸ்னு அரசோட மனநல உதவி எண், காசு கிடையாது, தமிழ்லயே பேசலாம். போன செக் பண்ற வீடுன்னா தோழியோட போன்லேர்ந்து கூப்பிடறதுதான் சேஃப், கால் லிஸ்ட்ல நம்பர் நிக்காது.