எர்டிகாவா, கேரன்ஸா? கீழக்கரைத் தெருவிலிருந்து ஒரு கணக்கு

ஏழு பேர் போகிற மாதிரி ஒரு வண்டி வாங்கலாம் என்று வீட்டில் பேச்சு எழுந்தால், ஷோரூமுக்குப் போவதற்கு முன்னால் கொத்தனாரிடம் டேப் வாங்கிக்கொண்டு உங்கள் தெருவில் இறங்குங்கள். ராமநாதபுரம் மாவட்டத்தில் கடலோர ஊர் எங்கள் கீழக்கரை. இதன் தெருக்கள் கார் வருமென்று நினைத்துப் போட்டவை அல்ல. வாசல்படி தெருவுக்குள் நீட்டிக்கொண்டிருக்கும், எதிரே மின்கம்பம் நிற்கும், இரண்டுக்கும் நடுவே யாராவது பைக்கை நிறுத்திவிட்டுத் தொழப் போயிருப்பார்கள். மாருதி எர்டிகாவின் அகலம் 1735 மில்லிமீட்டர், கியா கேரன்ஸ் 1800. வித்தியாசம் இரண்டரை அங்குலம்தான். மச்சான் துபாயிலிருந்து அனுப்பிய வீடியோக்களில் எல்லாம் வண்டி காலியான ஆறுவழிச் சாலையில் ஓடியது, அங்கே இரண்டரை அங்குலத்துக்கு மரியாதை இல்லை. எங்கள் வீட்டுத் திருப்பத்தில் அதற்குத்தான் முதல் மரியாதை.

தெருவின் குறுகலான இடத்தை அளந்து எழுதிக்கொள்ளுங்கள். கம்பெனி சொல்லும் அகலத்தில் பக்கக் கண்ணாடிகள் சேராது, அதையும் கூட்ட வேண்டும். அத்தோடு வண்டி நிற்கப்போகிற இடத்தில் பின்கதவு முழுக்கத் திறக்குமா என்றும் பாருங்கள். பாதி திறந்த கதவு வழியாகப் பிள்ளைகள் நழுவி இறங்கிவிடுவார்கள், முட்டிவலிக்காரர் இறங்க முடியாது. உண்மையில் இந்த ஊருக்குத் தள்ளுகதவுதான் சரி. பழைய மாருதி ஆம்னி வேன் எங்கள் தெருக்களில் அத்தனை காலம் செல்லமாக ஓடியதற்குப் பாதிக் காரணம் அந்தக் கதவு. இந்த இரண்டு வண்டியிலும் அது கிடையாது. வேண்டுமென்றால் மாருதியின் ஈகோ வேனுக்கு இறங்க வேண்டும், இல்லை ஐந்து மீட்டருக்கு மேல் நீளமான கியா கார்னிவலுக்கு ஏற வேண்டும். கார்னிவல் தெருமுனையிலேயே நின்றுகொண்டு நம்மை நடந்து வரச் சொல்லும்.

பெயர்க் குழப்பத்தை இங்கேயே தீர்த்துவிடுகிறேன். டொயோட்டா ரூமியான் என்பது எர்டிகாதான், முகமும் முத்திரையும் வேறு, 2023 ஆகஸ்டில் வந்தது. ஒரு கடையில் காத்திருப்பு நீண்டால் இன்னொரு கடையில் கேட்கலாம். கேரன்ஸ் 2022 பிப்ரவரியில் வந்தது, 2025 மே மாதம் அதையே புதுக்கி கேரன்ஸ் கிளாவிஸ் என்று விட்டார்கள். அகலமும் இரு சக்கர அச்சுகளுக்கு நடுவிலுள்ள நீளமும் அதேதான். அதனால் நான் கேரன்ஸ் என்று சொல்வதில் பெரும்பகுதி கிளாவிஸுக்கும் பொருந்தும்.

அடுத்து, கடைசி வரிசையில் யார் உட்காருவது என்பதை வீட்டிலேயே முடிவு செய்யுங்கள். எங்கள் வீட்டில் உம்மா, நான், என் இரண்டு பிள்ளைகள், லாத்தா (அக்கா), அவர் மகள். மச்சான் லீவில் வந்தால் ஏழு. உம்மா நடு வரிசைக்குப் பின்னால் போகவே முடியாது, கடைசியில் இரண்டு சீட்தான், என் பிள்ளைகள் இருவரும் அங்கே போவார்கள். இதைத் தெளிவாக வைத்துக்கொண்டு போனால் விற்பனைக்காரப் பையன் உங்களை முன் சீட்டில் உட்கார வைத்து ஸ்க்ரீனைத் தொட்டுக் காட்டிக்கொண்டிருக்க மாட்டான். நான் உம்மாவையும் லாத்தாவையும் கூட்டிக்கொண்டே போனேன். லாத்தா எர்டிகாவின் கடைசி வரிசையில் உட்கார்ந்ததும், "புள்ளே, முட்டி நெஞ்சுக்கு வருது, ராம்நாட்டுக்குப் போவலாம், மதுரைக்கு ஏலாது" என்றார். கேரன்ஸில் அந்தப் புகார் வரவில்லை. அச்சுகளின் நடுநீளம் எர்டிகாவில் 2740 மில்லிமீட்டர், கேரன்ஸில் 2780. அந்தக் கூடுதல் இடம் கடைசியில் உட்காரும் பெரியவர்களின் காலுக்குத்தான் போகிறது. பின்னால் ஏறுவதிலும் கேரன்ஸ் ஒரு படி மேல்: பட்டன் வைத்த மாடல்களில் அழுத்தினால் நடு சீட் மொத்தமாக மடிந்து முன்னே கவிழ்ந்துவிடும். எர்டிகாவில் சீட் சாய்ந்து முன்னே நகரும், இடைவெளியில் உடம்பைத் திருப்பிக்கொண்டு நுழைய வேண்டும்.

ஆனால் உம்மாவின் சோதனை வேறு. நடு சீட்டில் கைப்பிடி இல்லாமல் ஏறி இறங்குவது, அவ்வளவுதான். இரண்டிலும் சிரமமில்லை என்றார். உங்கள் வீட்டுப் பெரியவரையும் இரண்டு தடவை ஏற்றி இறக்கிப் பாருங்கள். முதல் தடவை மரியாதைக்கு நல்லாருக்கு என்பார்கள், இரண்டாம் தடவைதான் உண்மை வரும்.

ஏசியைக் காலை பத்து மணிக்குச் சோதிக்காதீர்கள். மதியத் தொழுகை முடிந்த நேரத்தில் போய், வெயிலில் நின்ற வண்டியைக் கேளுங்கள். நீங்கள் கடைசி வரிசையில் உட்காருங்கள், பையன் ஓட்டட்டும். கேரன்ஸில் நடு வரிசைக்கும் கடைசி வரிசைக்கும் கூரையில் தனித்தனிக் காற்றுவாய் உண்டு. எர்டிகாவில் நடு வரிசைக்குக் காற்று எங்கிருந்து வருகிறது, கடைசி வரிசைக்கு என்ன வருகிறது என்பது எந்த வருட வண்டி, எந்த மாடல் என்பதைப் பொறுத்தது. நீங்கள் வாங்கப்போகிற அதே மாடலில் உட்கார்ந்து பார்த்துவிட்டுப் பேசுங்கள்.

என்ஜின் விஷயத்தில் ஆண்கள் பேசுகிற அளவுக்கு ஒன்றுமில்லை. எர்டிகாவுக்கு 1.5 லிட்டர் பெட்ரோல், 103 குதிரைத் திறன். கேரன்ஸுக்கு 115 திறனில் சாதா பெட்ரோல், 160 திறனில் டர்போ பெட்ரோல், 116 திறனில் டீசல். மச்சானுக்கு டர்போ மேல் ஆசை. கிழக்குக் கடற்கரைச் சாலையில் சாயல்குடி பக்கம் ஒரு தடவை ஓட்டிப் பாருங்கள் மச்சான், ஆடு 160 குதிரைக்கு வழி விடாது என்றேன். எனக்கு வேண்டியது கிளட்ச் மிதிக்காத வண்டி. பிள்ளைகளைப் பள்ளியில் விடுவதும் உம்மாவை ராமநாதபுரத்துக்கு ஆஸ்பத்திரி கூட்டிப் போவதும் நான்தான். எர்டிகாவின் சாதா பெட்ரோலிலேயே ஆறு கியர் ஆட்டோமேட்டிக் கிடைக்கிறது. கேரன்ஸில் சாதா பெட்ரோலுக்கு மேனுவல் மட்டும்தான், ஆட்டோமேட்டிக் வேண்டுமென்றால் டர்போவுக்கோ டீசலுக்கோ போக வேண்டும், விலையும் கூடவே ஏறும்.

டீசல் வாங்குபவர்களுக்கு ஒரு சொல். இன்றைய டீசல் வண்டிகளில் புகைக்கரியைப் பிடித்து வைக்கும் வடிகட்டி ஒன்று இருக்கிறது. நீண்ட சாலையில் தொடர்ந்து ஓடினால்தான் அது சூடேறி, சேர்ந்த கரியை எரித்துக்கொள்ளும். பள்ளிக்கும் பஜாருக்குமே ஓடுகிற வண்டியில் அடைத்துக்கொள்ளும். மாதம் முழுக்க மதுரை, திருச்சி என்று போகிறவருக்கே டீசல்.

சிஎன்ஜி என்கிற அழுத்திய எரிவாயுவில் ஓடும் எர்டிகா கிலோவுக்கு 26.11 கிலோமீட்டர் என்று சொல்கிறார்கள், பெட்ரோல் மேனுவல் லிட்டருக்கு 20.51. இரண்டும் சோதனைக்கூடக் கணக்கு, ஏசி போட்டு ஏழு பேரோடு அது வராது. வழுதூரில் எரிவாயுவில் மின்சாரம் எடுக்கிற மாவட்டத்துக்காரர்களுக்கு கேஸ் வண்டி இயல்பாகத் தோன்றலாம். ஆனால் சிலிண்டர் டிக்கியில் உட்கார்ந்துவிடும். எங்களைப் போல் வளைகுடா வீடு என்றால் அங்கேயே யோசனையை நிறுத்திவிடலாம்.

ஏனென்றால் நமக்கு வண்டி என்பதே ஏர்போர்ட்டுக்குத்தான். மூன்று வரிசையும் நிமிர்ந்திருக்கும்போது எர்டிகாவின் டிக்கி 209 லிட்டர், கேரன்ஸ் 216. இரண்டுமே ஒன்றுதான், அதாவது இரண்டுமே போதாது. லீவில் வருகிறவருடைய பெரிய பெட்டி ஒன்றை வைத்தால் முடிந்தது, கயிறு கட்டிய அட்டைப்பெட்டிக்கு இடமில்லை. கூட்டிவரப் போகிறவர்கள் நான்கு பேருக்கு மேல் போகாமல் கடைசி வரிசையை மடக்குவதே வழி. எர்டிகாவில் மடக்கினால் 550 லிட்டர். இரண்டிலும் அந்த வரிசை பாதி பாதியாக மடியும், ஒரு பிள்ளையை உட்கார வைத்துக்கொண்டே மறுபக்கம் பெட்டி அடுக்கலாம். எங்கள் வீட்டில் மச்சானை அழைக்க எல்லோரும் போக வேண்டும் என்று அழுகை நடக்கும். திரும்பிப் போகும் நாளில் துதல் இனிப்பு டப்பாக்களும் சேரும். கூரையில் கேரியர் போடலாம் என்பார்கள். போடுங்கள், ஆனால் போல்ட்டுகளைத் துருப்பிடிக்காத எஃகில் கேளுங்கள்.

துரு என்று வந்துவிட்டது. இந்தக் கரையில் வண்டி தேர்வு செய்வதில் பாதி இதுதான். காரைக்குடியில் இருக்கிற மத்திய மின்வேதியியல் ஆராய்ச்சி நிலையம், உலோகம் எப்படி அரிக்கிறது என்று பார்ப்பதற்கு மண்டபம் என்ற கடலோர ஊரில்தான் சோதனைக்களம் வைத்திருக்கிறது. இரும்பைச் சோதிக்க அவர்கள் தேடி வந்த காற்றில் நாம் காரை நிறுத்துகிறோம்.

ஷோரூமில் புது வண்டியின் அடியைப் பார்த்துப் பயனில்லை. ஏர்வாடி தர்கா பக்கம் போங்கள், மூன்று நான்கு வருடம் ஓடிய வாடகை வண்டிகள் நிற்கும். டிரைவர் அண்ணனிடம் கேட்டுக் குனிந்து பாருங்கள்: கதவின் கீழ் மடிப்பு, சைலன்ஸரைத் தாங்கும் கொக்கி, சஸ்பென்ஷன் போல்ட்டுகள், ஸ்டெப்னி. எர்டிகாவில் ஸ்டெப்னி வண்டிக்கு அடியில் வெளியே தொங்கும். அதைத் தாங்கும் திருகைக் கிரீஸ் போடாமல் விட்டால் பஞ்சராகும் நாளில் கழற்ற முடியாது. சீமைக்கருவேல முள் கொட்டிக் கிடக்கிற ஊரில் அந்த நாள் வந்தே தீரும். நான் பார்த்தவரை துரு எந்தக் கம்பெனி என்று பார்ப்பதில்லை, எந்தத் தண்ணீரில் கழுவினார்கள் என்று பார்க்கிறது. ஒரே மாதிரி இரண்டு வண்டி, ஒன்று போர் தண்ணீரில் குளித்தது, ஒன்று நல்ல தண்ணீரில். அடியில் குனிந்தால் அண்ணன் தம்பி என்று சொல்ல முடியாது. நம் போர் தண்ணீரே உப்பு. அதில் தினம் கழுவுவதை விட, வாரம் ஒரு தடவை நல்ல தண்ணீர் வருகிற சர்வீஸ் கடையில் அடிப்பக்கம் அடித்துக் கழுவுவது மேல். தனுஷ்கோடி போய் வந்தால் அன்றைக்கே கழுவ வேண்டும், அங்கே காற்றே உப்பும் மணலுமாகத்தான் அடிக்கும். முன்னால் ஏசி கண்டென்சரில் மட்டும் பிரஷர் தண்ணீரை நேரே அடிக்க விடாதீர்கள், மெல்லிய அலுமினியத் தகடுகள் மடங்கிவிடும்.

டெலிவரிக்கு முன்பே அடிப்பக்கத்துக்கு ரப்பர் கோட்டிங் கேளுங்கள், கதவுக்கும் கீழ்ச்சட்டத்துக்கும் உள்ளே மெழுகும் அடிக்கச் சொல்லுங்கள். தண்ணீர் வடிகிற ஓட்டைகளை அடைத்துவிடாமல் பக்கத்தில் நின்று பார்க்க வேண்டும். பிரேக்கிலும் இரண்டுக்கும் வித்தியாசம் உண்டு: எர்டிகாவின் பின்சக்கரங்களில் டிரம், கேரன்ஸில் டிஸ்க். டிஸ்க் நன்றாக நிறுத்தும், ஆனால் வெளியே தெரிகிற இரும்பு, வண்டி சும்மா நின்றால் சீக்கிரமே செம்பழுப்பு படரும். இரண்டு நாள் ஓட்டினால் அது தேய்ந்து போகும், பயப்பட வேண்டாம். டிரம் வண்டியைக் கைப்பிரேக் இழுத்துவிட்டு வாரக்கணக்கில் விட்டால் உள்ளே ஒட்டிக்கொள்ளும். குடும்பமாக வெளியூர் போகும்போது எந்த வண்டியானாலும் சக்கரத்துக்குக் கட்டை வைத்து, மேனுவலைக் கியரிலும் ஆட்டோமேட்டிக்கை பார்க்கிலும் விட்டுக் கைப்பிரேக்கைத் தளர்த்திவிடுங்கள்.

பாதுகாப்பு நட்சத்திரங்களை இரண்டு கம்பெனியும் பெரிதாகப் பேசாது, காரணம் உண்டு. 2024இல் குளோபல் என்கேப் என்ற அமைப்பு நடத்திய மோதல் சோதனையில், இங்கே செய்து ஆப்பிரிக்காவில் விற்ற இரண்டு ஏர்பேக் எர்டிகாவுக்குப் பெரியவர்கள் பாதுகாப்பில் ஐந்துக்கு ஒரு நட்சத்திரம். அதே வருடம் கேரன்ஸைச் சோதித்தபோது முன்பு செய்த வண்டிக்குப் பூஜ்யம், திருத்திச் செய்த வண்டிக்கு மூன்று. செகண்ட் ஹேண்டில் கேரன்ஸ் எடுப்பவர்கள் தயாரித்த மாதத்தைக் கேளுங்கள், 2024இல் செய்தது என்றால் திருத்திய வண்டி. எர்டிகாவில் 2025 ஜூலையிலிருந்துதான் எல்லா மாடலிலும் ஆறு ஏர்பேக், அதற்கு முந்தையதை எடுத்தால் எத்தனை இருக்கிறது என்று எண்ணிப் பார்த்து வாங்குங்கள். கேரன்ஸில் தொடக்கத்திலிருந்தே ஆறு.

2025 செப்டம்பர் 22 முதல் கார் வரி 18 சதவீதம் என்று கேட்டுவிட்டு வருகிறவர்களுக்கு: அது நான்கு மீட்டருக்குள் அடங்கும் சின்ன வண்டிக்கு. இவை இரண்டும் அதைத் தாண்டியவை, 40 சதவீதம்தான்.

நாங்கள் எர்டிகா ஆட்டோமேட்டிக் எடுத்தோம். தெருவும் என் இடது காலும் முடிவு செய்தன. லாத்தாவின் கொழுந்தனார் வீடு ராமநாதபுரத்தில், வாசலில் லாரியே திரும்பும். வளர்ந்த ஆட்கள் ஆறு பேர், மாதம் இரண்டு தடவை சென்னை. அவர்களுக்கு டீசல் கேரன்ஸ் எடுங்கள் என்று நானே சொன்னேன். கடைசி வரிசையில் பெரியவர்கள் அடிக்கடி உட்காருகிற வீட்டில் எர்டிகாவை வாங்கிவிட்டு ஒவ்வொரு பயணத்திலும் யார் பின்னால் போவது என்று சண்டை போட வேண்டாம்.

பணம் கட்டும் முன்னால் சேஸிஸ் எண்ணை வாங்கித் தயாரித்த மாதத்தைக் கேளுங்கள். கரையோர யார்டில் பல மாதம் வெயிலும் காற்றும் குடித்து நின்ற வண்டியைப் புதுசு என்று தள்ளிவிடலாம். பானெட்டைத் திறந்து பேட்டரி முனைகளையும் போல்ட் தலைகளையும் பாருங்கள். வெள்ளைப் பூப்போ பழுப்போ தெரிந்தால் வேறு வண்டி கேளுங்கள். TN 65 நம்பர் விழுந்த பிறகு மாற்றித் தர மாட்டார்கள்.