கேம் திறக்கவில்லையா? முதலில் கையைக் கட்டிக்கொண்டு படியுங்கள்

போன ஆடிச் சாரலில் ஆரியங்காவிலிருந்து ஒரு கல்லூரிப் பையன் பஸ் ஏறி வந்தான். பிளாஸ்டிக் பையில் சுற்றிய சிபியு அவன் மடியில் இருந்தது. "கேமு தொறக்க மாட்டுக்கு அண்ணாச்சி" என்றான். பேசப் பேசத்தான் முழுக்கதையும் வந்தது. கேம் திறக்காமல் போனது ஞாயிற்றுக்கிழமை. திங்களன்று ஏதோ ஒரு தளத்திலிருந்து டிஎல்எல் கோப்பு (கேம் ஓட உதவும் துணைக் கோப்பு) ஒன்றை இறக்கிப் போட்டிருக்கிறான். செவ்வாயன்று ஆன்டிவைரஸை அணைத்திருக்கிறான். புதனன்று மொத்தத்தையும் ஃபார்மட் அடித்து விண்டோஸைப் புதிதாக ஏற்றியிருக்கிறான். அவன் அக்காவின் பி.எட். ப்ராஜெக்ட் அதோடு போய்விட்டது. கேம் அப்போதும் திறக்கவில்லை.

செங்கோட்டையில் கணினி பழுது பார்க்கும் கடை வைத்திருக்கிறேன். தென்காசி, புளியரைப் பிள்ளைகள் வருவார்கள். மலைக்கு அந்தப் பக்கம் கேரளத்தின் ஆரியங்காவு, கழுதுருட்டித் தோட்டங்களிலிருந்து தமிழ்ப் பிள்ளைகளும் வருவார்கள். நான் பார்த்தவரை கேம் திறக்காததற்குக் காரணம் பெரும்பாலும் சின்னது. அதைச் சரிசெய்யப் போய் அடுக்கடுக்காகச் செய்யும் வேலைகள்தான் கணினியைக் கெடுக்கின்றன.

பிழைச் செய்தியைப் படிக்காமல் மூடுவது

"என்னமோ இங்கிலீஷ்ல வந்துச்சு, ஓகே குடுத்துட்டேன்." கடையில் நான் அதிகம் கேட்கும் வாக்கியம் இதுதான். அந்த 'என்னமோ'வில்தான் பாதி விடை இருக்கிறது. ஓகே கொடுப்பதற்கு முன் போனில் ஒரு படம் எடுத்து வையுங்கள்.

செய்தி எதுவும் வராமல் கேம் சட்டென்று மறைந்துவிடுகிறதா? ஸ்டார்ட் மெனுவில் 'ரிலையபிலிட்டி' என்று தட்டுங்கள். நாள்வாரியாக ஒரு வரைபடம் திறக்கும். சிவப்புக் குறி விழுந்த நாளைத் தொட்டு, கேமின் பெயருக்கு எதிரே உள்ள விவரங்களைத் திறந்தால் 'ஃபால்ட் மாட்யூல் நேம்' என்று ஒரு வரி இருக்கும். அதில் உள்ள பெயர் 'என்வி' என்று தொடங்கினால் கிராபிக்ஸ் கார்டை இயக்கும் என்விடியா டிரைவரைச் சந்தேகிக்கலாம். 'விசிரன்டைம்' என்றால் அடுத்த பகுதியைப் படியுங்கள். 'என்டிடிஎல்எல்' என்று இருந்தால் விண்டோஸே கெட்டுவிட்டது என்று பயந்து ஃபார்மட் அடிக்கிறார்கள். அது விண்டோஸின் அடித்தளக் கோப்பு. வேறு எங்கோ தொடங்கிய கோளாறு கடைசியில் அங்கே வந்து விழும். அந்தப் பெயரை மட்டும் வைத்து எந்த முடிவுக்கும் வர முடியாது.

புதிய கேம்கள் சில, முதல் தடவை திறக்கும்போது ஷேடர்களை (திரையில் படம் வரைய உதவும் சின்ன நிரல்களை) தயாரிக்கச் சில நிமிடங்கள் எடுத்துக்கொள்ளும். அந்த நேரத்தில் ஐகானைப் பத்துத் தடவை தட்டக் கூடாது. டாஸ்க் மேனேஜரில் கேமின் பெயர் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்கிறதா என்று பாருங்கள். பழைய ஓட்டம் உள்ளேயே சிக்கிக் கிடந்தால் அதை நிறுத்திவிட்டு ஒரே ஒரு தடவை திறங்கள்.

டிஎல்எல் கோப்பைத் தனியாக இறக்குவது

ஆரியங்காவுப் பையன் செய்த முதல் தவறு இது. எம்எஸ்விசிபி140, விசிரன்டைம்140 இல்லை என்று செய்தி வந்தால், அந்தப் பெயரை அப்படியே கூகுளில் போடுகிறோம். டிஎல்எல் கோப்புகளை மட்டும் அள்ளித் தருகிற தளங்கள் முதலில் வந்து நிற்கும். அங்கே கிடைக்கும் கோப்பு எந்தப் பதிப்பு, யார் கை வைத்தது என்று யாருக்கும் தெரியாது. அதற்குள் வைரஸ் இருக்கலாம். 32 பிட் கோப்பு இருக்க வேண்டிய இடத்தில் 64 பிட் கோப்பு போய் உட்கார்ந்தால், சுழியம் எக்ஸ் சி என்று தொடங்கி 7பி என்று முடியும் பிழை எண் (0xc000007b) வரும். அந்த எண்ணுக்குப் பெரும்பாலும் இந்தக் கலப்புதான் காரணம்.

இந்தக் கோப்புகள் மைக்ரோசாஃப்டின் விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்னும் தொகுப்பைச் சேர்ந்தவை. மைக்ரோசாஃப்ட் தளத்திலேயே இலவசம். உங்கள் விண்டோஸ் 64 பிட்டாக இருந்தாலும் எக்ஸ்86 (32 பிட்), எக்ஸ்64 (64 பிட்) இரண்டையும் போடுங்கள். கேம் 64 பிட்டாக இருக்கும். அதைத் திறந்துவிடும் லாஞ்சர் 32 பிட்டாக இருக்கலாம். டி3டிஎக்ஸ்9 என்று தொடங்கும் கோப்பு இல்லை என்றால் கதை வேறு. விண்டோஸ் 11-இல் டைரக்ட்எக்ஸ் 12 இருக்கிறதே என்பார்கள். டைரக்ட்எக்ஸ் 9 காலத்து உதவிக் கோப்புகள் அதோடு வருவதில்லை. மைக்ரோசாஃப்ட் 2010 ஜூனில் வெளியிட்ட டைரக்ட்எக்ஸ் ரன்டைம் தொகுப்பில் அவை இருக்கின்றன. அது 12-ஐ அழிக்காது, பக்கத்தில் இருந்துகொள்ளும். ஸ்டீம் என்னும் இணையக் கடையில் வாங்கிய கேம் என்றால் பல நேரம் 'காமன் ரீடிஸ்ட்' என்ற ஃபோல்டரிலேயே இவையெல்லாம் கிடக்கும்.

நண்பனின் ஹார்டு டிஸ்க்கிலிருந்து கேம் ஃபோல்டரை அப்படியே நகலெடுத்தால் கேம் வரும், இந்தத் தொகுப்புகள் வராது. உங்கள் கணக்கிலும் அந்த கேமை வாங்கியிருந்தால், ஃபோல்டரை ஸ்டீமின் 'காமன்' ஃபோல்டருக்குள் போட்டுவிட்டு இன்ஸ்டால் கொடுங்கள். இருப்பதைச் சரிபார்த்துவிட்டு, இல்லாததை மட்டும் இறக்கும்.

தமிழில் பெயர் வைத்தவர்கள்

இது ஆங்கிலமல்லாத எழுத்தில் பெயர் வைக்கும் இடங்களில் வரும் கோளாறு. இதைக் கண்டுபிடிக்க முதல் தடவை எனக்கு இரண்டு நாள் பிடித்தது. கழுதுருட்டியிலிருந்து வந்த ஒரு லேப்டாப்பில் எல்லாம் சரியாக இருந்தது. ஒரு கேம் மட்டும் சத்தமில்லாமல் மூடிக்கொண்டது. விண்டோஸ் போடும்போது பயனர் பெயரை மலையாள எழுத்தில் தட்டியிருந்தார்கள். சி டிரைவில் பயனர் ஃபோல்டரும் அதே எழுத்தில் உருவாகிவிட்டது. கேம் தன் அமைப்புகளை எழுத அந்த ஃபோல்டருக்குத்தான் போக வேண்டும். பழைய கேம்கள் பலவற்றுக்கு ஆங்கில எழுத்தைத் தவிர வேறு பாதை படிக்கத் தெரியாது. தமிழில் பெயர் வைத்தாலும் இதேதான். டி டிரைவில் 'விளையாட்டு' என்று ஃபோல்டர் போட்டு, அதற்குள் கேமை ஏற்றினாலும் சில கேம்கள் திறக்காது.

தன் பெயரைத் தன் எழுத்தில் எழுதியது தவறே இல்லை. அதைப் படிக்கத் தெரியாமல் செய்து விற்றவர்கள் மேல்தான் எனக்குக் கோபம். ஆனால் இதைச் சரிசெய்கிறேன் என்று பயனர் ஃபோல்டரின் பெயரை நேரடியாக மாற்றிவிடாதீர்கள். அடுத்த முறை நுழையும்போது விண்டோஸுக்கு உங்கள் ஃபோல்டர் எங்கே என்று தெரியாது. தற்காலிகக் கணக்கு ஒன்றைத் திறந்து வெற்று டெஸ்க்டாப்பைக் காட்டும். கண்ட்ரோல் பேனலில் பெயரை மாற்றினாலும் ஃபோல்டர் மாறாது. ஆங்கில எழுத்தில் புதிதாக ஒரு கணக்கு உருவாக்கி, அதில் கேம் திறக்கிறதா என்று பாருங்கள். திறந்தால், பிறகு அந்தக் கணக்கின் காட்சிப் பெயரைத் தாராளமாகத் தமிழில் மாற்றிக்கொள்ளலாம். ஃபோல்டர் ஆங்கிலத்திலேயே இருக்கும்.

ஆன்டிவைரஸ்

மொத்தமாக அணைக்காதீர்கள். விண்டோஸ் செக்யூரிட்டியில் 'புரொடெக்ஷன் ஹிஸ்டரி'யைத் திறந்தால் எந்தக் கோப்பைப் பிடித்து வைத்திருக்கிறது என்று தெரியும். முறையாக வாங்கிய கேமின் கோப்பு என்று உறுதியாக இருந்தால் அதை மட்டும் மீட்டு, அந்த ஃபோல்டருக்கு மட்டும் விலக்கு கொடுங்கள். 'கண்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்சஸ்' என்னும் ஃபோல்டர் பாதுகாப்பைப் போட்டிருந்தால் டாக்குமென்ட்ஸில் கேம் எழுத முடியாமல் மூடிக்கொள்வதும் உண்டு. கிராக் செய்த கேம் வைத்திருப்பவர்களுக்கு என்னிடம் வேறு யோசனை இல்லை. ஆன்டிவைரஸை அணைக்கச் சொல்லும் எந்த கேமையும், வீட்டில் பேங்க் வேலை பார்க்கிற கணினியில் ஏற்றாதீர்கள்.

பயாஸில் கை வைப்பது

விண்டோஸுக்கு முன்னால் கணினியை எழுப்பும் அமைப்புதான் பயாஸ். இதில்தான் எனக்கு உண்மையான பயம். விண்டோஸ் 11-இல் வேலரன்ட் என்ற ஆன்லைன் கேமை விளையாட டிபிஎம் 2.0 (பாதுகாப்புச் சிப்), செக்யூர் பூட் (நம்பகமான மென்பொருளோடு மட்டும் கணினியை ஏற்றும் அமைப்பு) இரண்டும் இயங்க வேண்டும். இல்லையென்றால் வான் 9001 என்று பிழை வரும். ஒரு வீடியோவைப் பார்த்துவிட்டு பயாஸுக்குள் போய் செக்யூர் பூட்டைப் போடுவார்கள். அதன்பின் கேம் இருக்கட்டும், கணினியே ஏறாது.

உள்ளே போகுமுன் ஸ்டார்ட் மெனுவில் 'சிஸ்டம் இன்ஃபர்மேஷன்' திறந்து 'பயாஸ் மோட்' வரியைப் பாருங்கள். யுஇஎஃப்ஐ என்று இருந்தால் பெரும்பாலும் சிக்கல் இல்லை. 'லெகசி' என்று இருந்தால் உங்கள் டிஸ்க் பழைய எம்பிஆர் முறையில் இருக்கிறது. அதை மாற்றாமல் பயாஸை மட்டும் மாற்றினால் விண்டோஸ் ஏறாது. தரவு அழியாமல் புதிய ஜிபிடி முறைக்கு மாற்றித் தர எம்பிஆர்2ஜிபிடி என்ற கருவியை மைக்ரோசாஃப்டே விண்டோஸுக்குள் வைத்திருக்கிறது. அப்படியிருந்தும் காப்புப் பிரதி எடுக்காமல் தொடாதீர்கள். இன்னொன்று, டிஸ்க்கில் உள்ளதைப் பூட்டி வைக்கும் பிட்லாக்கர். சில லேப்டாப்களில் அது நமக்குத் தெரியாமலே போட்டிருக்கும். டிபிஎம், செக்யூர் பூட் அமைப்பைத் தொட்டவுடன் 48 இலக்க மீட்பு எண்ணைக் கேட்கும். உங்கள் மைக்ரோசாஃப்ட் கணக்கில் அந்த எண் இருக்கிறதா என்று முதலிலேயே பார்த்து, தாளில் எழுதி வையுங்கள். 'கிளியர் டிபிஎம்' என்று இருப்பதை எந்தக் காரணத்துக்காகவும் அழுத்தாதீர்கள்.

கரண்ட் போன வீட்டில்

சாரல் காலத்தில் காற்று அடித்தால் இங்கே கரண்ட் போய்ப் போய் வரும். அப்டேட் ஏறிக்கொண்டிருக்கும்போது போனால் கோப்புகள் பாதியில் நிற்கும். மறுநாள் கேம் திறக்காது. உடனே அழித்துவிட்டு மறுபடி இறக்க நினைப்பது வீண். 60 ஜிபி கேமை, நாளுக்கு 2 ஜிபி மொபைல் டேட்டாவில் இறக்க 30 நாள் ஆகும். ஸ்டீமில் கேமின் மேல் வலது சொடுக்கு, பிராப்பர்ட்டீஸ், இன்ஸ்டால்டு ஃபைல்ஸ், அதில் 'வெரிஃபை'. கெட்ட கோப்புகளை மட்டும் மாற்றிக் கொடுக்கும். எபிக் என்னும் இன்னொரு கேம் கடையிலும் இந்த வசதி உண்டு. அழித்தே ஆக வேண்டும் என்றால் சேவ் கோப்புகளை முதலில் தனியே எடுங்கள். டாக்குமென்ட்ஸ், சேவ்டு கேம்ஸ், ஆப்டேட்டா மூன்று இடத்திலும் தேடுங்கள். எல்லா கேமும் கிளவுடில் சேமிப்பதில்லை.

டிரைவரைத் தானாகப் புதுப்பிக்கிறேன் என்று சொல்லும் மென்பொருள்களை ஏற்றாதீர்கள். என்விடியா, ஏஎம்டி, இன்டெல், இல்லையென்றால் லேப்டாப் நிறுவனத்தின் தளம், இவை போதும். இரண்டு கிராபிக்ஸ் உள்ள லேப்டாப்பில் கேம் சின்னதைப் பிடித்துக்கொண்டு திணறினால், விண்டோஸ் கிராபிக்ஸ் அமைப்பில் அந்த கேமுக்கு 'ஹை பெர்ஃபார்மன்ஸ்' கொடுங்கள். எதை மாற்றினாலும் ஒன்றை மாற்றி, திறந்து பார்த்து, அப்புறம் அடுத்ததற்குப் போங்கள். ஐந்தை ஒன்றாக மாற்றினால் எது கெடுத்தது என்று எனக்கும் தெரியாது.

சில கேம்கள் அந்தக் கணினியில் திறக்கவே திறக்காது. விண்டோஸ் 7, 8-க்கு ஸ்டீம் 2024 ஜனவரி 1-இல் ஆதரவை நிறுத்திவிட்டது. சேஃப்டிஸ்க் என்ற நகல் தடுப்புப் பூட்டுப் போட்ட பழைய சிடி கேம்கள் விண்டோஸ் 10 முதல் ஓடுவதில்லை. இன்டெல் 13, 14ஆம் தலைமுறை டெஸ்க்டாப் சிப் வைத்திருந்து, 'வீடியோ மெமரி போதவில்லை' என்று செய்தி வந்தால் கிராபிக்ஸ் கார்டை மாற்ற ஓடாதீர்கள். அந்தச் சிப்களில் சிலவற்றுக்கு வோல்டேஜ் கோளாறு இருந்தது. 2024-இல் இன்டெல் மைக்ரோகோடு (சிப்புக்குள் ஓடும் நிரல்) திருத்தம் வெளியிட்டு, பெட்டியில் விற்ற சிப்களுக்கு வாரண்டியையும் 2 ஆண்டு நீட்டியது. முதலில் அந்தத் திருத்தம் உள்ள பதிப்புக்கு பயாஸைப் புதுப்பியுங்கள். அதுவும் யுபிஎஸ் இருந்தால் மட்டும்.

ஆரியங்காவுப் பையனின் கேமுக்கு வேண்டியிருந்தது எக்ஸ்86 தொகுப்பு ஒன்றுதான். இரண்டு நிமிட வேலை. அக்காவின் ப்ராஜெக்டுக்கு மூன்று நாள் உட்கார்ந்தேன். பழைய ஹார்டு டிஸ்க் என்பதால் மீட்பு மென்பொருளில் பாதி கோப்புகள் கிடைத்தன. மீதியின் மேல் அவன் ஏற்றிய விண்டோஸ் உட்கார்ந்துவிட்டது. எஸ்எஸ்டியாக இருந்திருந்தால் பெரும்பாலும் அந்தப் பாதியும் கிடைத்திருக்காது. நீங்களும் ஃபார்மட் அடித்துவிட்டு இதைப் படிக்கிறீர்கள் என்றால், அந்த டிஸ்க்கில் இனி எதையும் ஏற்றாதீர்கள். கணினியை அணைத்து, அப்படியே எடுத்துக்கொண்டு வாருங்கள்.