திருகோணமலையிலிருந்து ஷோர்ட்டி கிண்ணக்குழியின் இடத்தைக் காணும் முறை

அப்பலோ 17 பயணத்தில் சந்திரனுக்குச் சென்ற யூஜின் சேர்னனும் ஹரிசன் ஷ்மிட்டும் 1972 டிசெம்பரில் ஆராய்ந்த ஷோர்ட்டி கிண்ணக்குழியின் குறுக்களவு ஏறத்தாழ 110 மீற்றர்தான். நிலாவெளிக் கடற்கரையில் நூற்றைம்பது காலடிகளில் அவ்வளவு தூரத்தை நடந்துவிடலாம். ஆகவே குழியை வீட்டுத் தொலைநோக்கியில் காண இயலாது. அது அமைந்துள்ள டோரஸ்-லிற்றோ பள்ளத்தாக்கின் இடத்தையோ பத்து மடங்கு பெருக்கும் பைனாகுலரிலேயே கண்டறியலாம்.

நாட்காட்டியில் வளர்பிறைச் சட்டி அல்லது சப்தமியைத் தேர்ந்தெடுங்கள். அந்த மாலைகளில் அப்பள்ளத்தாக்கில் சூரியன் உதித்துச் சிறிது நேரமே ஆகியிருக்கும். நிழல்கள் நீண்டு, மேடுபள்ளங்கள் துலக்கமாகத் தெரியும். அப்பலோ 17 தரையிறங்கியபோதும் அமாவாசை கழிந்து ஆறு நாட்கள்தான் ஆகியிருந்தன. ஆகவே வீரர்கள் அங்கு இறங்கியபோது விழுந்த அதே சாய்ந்த வெயிலையே நீங்களும் பார்க்கிறீர்கள். ஐப்பசி முதல் மார்கழி வரை வாடை மழை இங்கு வானத்தை மூடிவிடுவதால், வைகாசி முதல் ஆவணி வரையான மாதங்களே உகந்தவை.

பொழுது சாய்ந்ததும் மேற்கு நோக்கிச் சாய்வு நாற்காலியில் அமர்ந்து, கை நடுங்காதபடி முழங்கைகளை ஊன்றிக்கொள்ளுங்கள். பிறையின் ஒளிவிளிம்பு கீழேயும் வடபுறம் வலக்கைப் பக்கத்திலும் இருக்கும். கீழ் விளிம்பருகே, சற்று வலப்புறமாக, தனித்துக் கிடக்கும் கரிய நீள்வட்டம் கிரைசியம் கடல் (நிலவில் ‘கடல்’ என்பது நீரல்ல, கரிய சமவெளி). அங்கிருந்து நேர் மேலே, ஒளியும் இருளும் சந்திக்கும் இருள் எல்லையை நோக்கிச் சென்றால் செரனிற்றாற்றிஸ் கடலின் கரையை அடைவீர்கள். வலப்புறத்தில் பொசிடோனியஸ் என்னும் பெரிய வட்டக்குழியும், இடப்புறத்தில், சப்தமியன்று நன்றாகத் தெரியும் பிளினியஸும் உள்ளன. இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட மலைக்கரையில், பிளினியஸுக்குச் சற்றுக் கீழே அப்பள்ளத்தாக்கு உள்ளது. தொலைநோக்கி பயன்படுத்துவோர், அது காட்சியைத் தலைகீழாகவோ இடவலம் மாற்றியோ காட்டக்கூடும் என்பதை முதலிலேயே அறிந்துகொள்ள வேண்டும்.

இடத்தைக் கண்டதும் அவசரப்பட்டு எழுந்துவிடாதீர்கள். புவிச்சரிதவியலாளரான ஷ்மிட் அங்குதான், ஷோர்ட்டியின் விளிம்பில், சாம்பல் மண்ணிடையே செம்மஞ்சள் மண்ணைக் கண்டார். புதிய எரிமலையின் தடயமோ என்ற எதிர்பார்ப்பு அப்போது எழுந்தது. ஆய்வுகூடத்திலோ அது ஏறத்தாழ 360 கோடி ஆண்டுகளுக்கு முன் ஊற்றாய்ப் பீறிட்ட எரிமலைக் குழம்பு உறைந்த நுண்ணிய கண்ணாடி மணிகள் எனத் தெரிந்தது. நெடுங்காலம் புதைந்திருந்த அவற்றை, பிற்காலத்தில் மோதிய ஒரு விண்கல்லே குழிபறித்து வெளியே கொணர்ந்தது. அத்தகைய மணிகளில் நீரின் சுவடு இருப்பதாக 2008இல் ஆய்வாளர்கள் அறிவித்தனர். நிலவு முற்றிலும் வறண்டது என்ற நெடுநாள் எண்ணத்தை அசைத்த அந்த மண், நம் கண்ணெதிரே தெரியும் கரையிலிருந்து அள்ளப்பட்டது என்பது எனக்கு இன்றும் வியப்பளிக்கிறது.

மாலையில் முகில் மறைத்தால், தேய்பிறைப் பஞ்சமியன்று டச் பே கடற்கரைக்குச் செல்லுங்கள். இரவு பத்து மணியளவில் நிலவு கடலிலிருந்து எழும்; அப்போது இருள் எல்லை மேற்புறத்திலும் வடக்கு இடப்புறத்திலும் இருக்கும். அடிவானத்தருகே காட்சி அலையாடும் என்பதால், நள்ளிரவு வரை காத்திருந்து பார்ப்பது நல்லது.