பாலையாவைப் பார்ப்பது எப்படி?

எங்கள் ஆபீஸ் நாடகக் குழுவில் புதிதாகச் சேரும் பையன்களுக்கு நான் கொடுக்கும் முதல் வேலை, பழைய சினிமா நடிகர் டி.எஸ். பாலையாவின் படத்தைச் சத்தமில்லாமல் போட்டு, அவரை மட்டும் பார்ப்பது. "அவர் வில்லனா, காமெடியனா சார்?" என்பார்கள். 1936-ல் 'சதிலீலாவதி'யில் வில்லனாக வந்தவர், 1972-ல் காலமாவதற்குள் எல்லாமும் செய்துவிட்டார்.

'காதலிக்க நேரமில்லை'யில் (1964) ஆரம்பியுங்கள். நாகேஷ் அவருக்குப் பேய்க்கதை சொல்லும் காட்சி ஊருக்கே மனப்பாடம். அதனால் தைரியமாக டிவியை மியூட்டில் போடலாம். நாகேஷ் இருக்கும் பக்கத்தை உள்ளங்கையால் மறைத்துக்கொள்ளுங்கள். கதை எங்கே போகிறது என்பது பாலையா முகத்திலேயே ஓடும். பயமாகவும் இருக்கிறது, மிச்சத்தைக் கேட்காமல் விடவும் மனசில்லை. இந்த இரண்டையும் ஒரே முகத்தில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். ஒரு நோட்டில், எந்த இடத்தில் கண் மாறுகிறது, எந்த இடத்தில் தோள் மாறுகிறது என்று மட்டும் குறியுங்கள். நாலு தடவையாவது ஓட்டிப் பார்க்க வேண்டும்.

திட்டு வாங்கித்தான் எனக்கு இது புரிந்தது. ஒரு கோர்ட் நாடகத்தில் குமாஸ்தா வேஷம் போட்டிருந்தேன். என் வசனம் முடிந்ததும், மனைவி எந்த வரிசையில் உட்கார்ந்திருக்கிறாள் என்று தேடிக்கொண்டிருந்தேன். திரை விழுந்ததும் டைரக்டர் கேட்டார்: "டயலாக் முடிஞ்சா நீ வீட்டுக்குப் போயிடுவியா?"

அடுத்து 'திருவிளையாடல்' (1965). இதற்குச் சத்தம் வேண்டும். 'ஒரு நாள் போதுமா'வைப் பாடியவர் பாலமுரளிகிருஷ்ணா. ஆனால் கர்வம் முழுக்க ஹேமநாத பாகவதராக வந்த பாலையாவுடையது. வாயசைப்பை விட்டுவிட்டுக் கழுத்தையும் கையையும் பாருங்கள். பிறகு விறகுவெட்டியாக வந்த சிவன் பாடும் இரவுக்கு வாருங்கள். சபையில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்த அதே ஆள், இங்கே கேட்டுக் கேட்டே சுருங்கிப்போகிறார்.

'தில்லானா மோகனாம்பா'ளில் (1968) அவர் தவில்காரர். 'நலந்தானா' பாட்டில் சிவாஜியையும் பத்மினியையும் விட்டுவிட்டு அவரை மட்டும் பார்க்க வேண்டும். லேசில் முடியாது. எனக்கே மூன்றாம் தடவைதான் முடிந்தது.

பழைய படங்களைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். 'அம்பிகாபதி' (1937) ருத்ரசேனன் ஒன்று போதும். 'வேலைக்காரி' (1949) மணியையும் 'பாமா விஜயம்' (1967) அப்பாவையும் ஒரே நாளில் பாருங்கள். ஹீரோவுக்கு யோசனை சொல்லிக்கொடுக்கும் கில்லாடியும், மருமகள்களிடம் மாட்டிக்கொண்ட பெரியவரும் ஒரே ஆள் என்பதைக் குரலின் அந்த இழுப்பை வைத்துத்தான் கண்டுபிடிக்க வேண்டும்.

எல்லாம் முடிந்ததும் 'காதலிக்க நேரமில்லை'யைக் குடும்பத்தோடு சத்தமாக வைத்துப் பாருங்கள். அன்றைக்கு நோட்டை வெளியே எடுக்காதீர்கள், வீட்டில் அடி விழும்.