மரில்லியன் கேட்கத் தொடங்குவது எப்படி: இரண்டு முறை தோற்றவனின் செய்முறை

மரில்லியன் என்ற ஆங்கிலேய புரோகிரசிவ் ராக் (நீண்ட, பல பகுதிகளாக விரியும் பாட்டுகள் கொண்ட ராக் வகை) குழுவை இரண்டு முறை கேட்கத் தொடங்கி இரண்டு முறையும் பாதியில் விட்டிருக்கிறேன். முதல் முறை, 1983-இல் வந்த முதல் ஆல்பத்திலிருந்து வரிசையாகப் போனேன். ஐந்தாவது ஆல்பத்தில் திடீரென்று வேறொருவர் பாடுகிறார். தவறான ஃபைலை இறக்கிவிட்டோமோ என்று தேடிக்கொண்டிருந்ததிலேயே ஆர்வம் போய்விட்டது. இரண்டாம் முறை, "சிறந்த பாடல்கள்" என்று யாரோ தொகுத்த பட்டியலை ஷஃபிளில் போட்டேன். அது இன்னும் மோசம்.

மூன்றாம் முறை பிடித்துக்கொண்டது. இப்போது யாராவது கேட்டால் இதே விளக்கத்தைத் திரும்பத் திரும்பத் தட்டச்சு செய்ய வேண்டியிருக்கிறது என்பதால் இந்தப் பதிவு. பிளேயரை நிறுவுவது, சிடியைக் கணினியில் ஏற்றுவது எல்லாம் உங்களுக்குத் தெரியும் என்று வைத்துக்கொள்கிறேன்.

படி 1: மூன்று ஃபோல்டர்கள்

ஆண்டு வாரியாக அடுக்காதீர்கள். பாடகர் வாரியாகவும் வேண்டாம். பணம் யார் போட்டது என்று பார்த்துப் பிரியுங்கள். விசித்திரமாகத் தோன்றும், ஆனால் இந்தக் குழுவின் கதை இப்படிப் பிரித்தால்தான் புரிகிறது.

முதல் ஃபோல்டருக்கு "ஈஎம்ஐ" என்று பெயர் வையுங்கள். 1979-இல் இங்கிலாந்தின் பக்கிங்ஹாம்ஷயரில், ஐல்ஸ்பரி என்ற ஊரில் தொடங்கிய குழு 1982-இல் இந்தப் பெரிய இசை நிறுவனத்தில் சேர்ந்தது. 1995 வரை எட்டு ஆல்பங்கள். முதல் நான்கில் பாடியவர் ஃபிஷ். 1985-இல் 'மிஸ்பிளேஸ்டு சைல்டுஹுட்' பிரிட்டன் விற்பனைப் பட்டியலில் முதலிடம் பிடித்தது. அதில் உள்ள 'கேலீ' என்ற பாட்டு இரண்டாம் இடம். 1988-இல் ஃபிஷ் விலகினார், 1989-இல் ஸ்டீவ் ஹோகார்த் வந்தார். நான் குழம்பியது இந்த இடத்தில்தான். கிதார் ஸ்டீவ் ரோதரி, பேஸ் பீட் டிரெவாவாஸ், கீபோர்டு மார்க் கெல்லி, டிரம்ஸ் இயன் மோஸ்லி: இந்த நான்கு பேரும் ஹோகார்த்தும் அன்றிலிருந்து மாறவே இல்லை.

இரண்டாவது, "காசில்". பெரிய நிறுவனம் கைவிட்டபின் காசில் என்ற சிறிய நிறுவனத்துக்காக 1997, 1998, 1999 என்று மூன்று ஆண்டில் மூன்று ஆல்பங்கள் போட்டார்கள்.

மூன்றாவது, "சொந்தக் கால்". 2001 முதல் வந்தவை எல்லாம் இதில்.

இரண்டாவது ஃபோல்டரின் இசையை விட அந்த ஆண்டுகளில் நடந்த ஒரு சம்பவம்தான் முக்கியம். 1997-இல் புது ஆல்பத்தோடு அமெரிக்கா போய் வாசிக்கக் குழுவிடம் பணமில்லை, நிறுவனமும் தரவில்லை. அப்படிப் போனால் ஏறக்குறைய 60,000 டாலர் நட்டமாகும் என்று மார்க் கெல்லி இணையத்தில் ரசிகர்களுக்கு எழுதினார். அங்கிருந்த ரசிகர்கள் தாங்களாகவே ஒரு வங்கிக் கணக்கைத் தொடங்கி, அந்த 60,000 டாலரைத் திரட்டி, குழுவை வரவழைத்துவிட்டார்கள். குழு கேட்டு நடந்ததல்ல. ஊர்க்காரர்கள் வீட்டுக்கு வீடு வசூல் பண்ணிக் கோயில் திருவிழாவுக்குக் கச்சேரி வைப்பது நமக்குப் பழகிய விஷயம். கடல் தாண்டி இருக்கும் முகம் தெரியாதவர்கள் மின்னஞ்சல் வழியாக அதைச் செய்தது அன்றைக்குப் புதிது. கிக்ஸ்டார்ட்டர் வந்ததே 2009-இல்தான்.

அடுத்த ஆல்பத்துக்குப் பணம் வேண்டியபோது குழுவுக்கு இது நினைவு வந்தது. தங்களிடம் மின்னஞ்சல் முகவரி இருந்த ரசிகர்களிடம், இன்னும் ஒரு பாட்டுகூட எழுதவில்லை, முன்கூட்டியே வாங்கிக்கொள்வீர்களா என்று கேட்டார்கள். 12,000-க்கும் மேல் முன்பதிவு வந்தது. 2001-இல் வெளியான 'அனோரக்னோஃபோபியா' அந்தப் பணத்தில் உருவானது. விநியோகத்துக்கு அதே ஈஎம்ஐயிடம்தான் போனார்கள். இந்த முறை உரிமை குழுவின் கையில்.

படி 2: 'மார்பிள்ஸ்' ஆல்பத்தில் தொடங்குங்கள்

1985 ஆல்பத்தில் தொடங்கச் சொல்பவர்கள்தான் அதிகம். நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். அது நல்ல ஆல்பம். ஆனால் அதில் தொடங்கினால் ஃபிஷ்ஷின் குரல் மனதில் உட்கார்ந்துவிடும், அப்புறம் ஹோகார்த்தை "புதுப் பாடகர்" என்றே நினைப்பீர்கள். அந்தப் புதுப் பாடகர் வந்து முப்பது ஆண்டுக்கு மேல் ஆகிறது.

'மார்பிள்ஸ்' 2004-இல் வந்தது. இதற்கும் ரசிகர்கள் முன்பணம் கொடுத்தார்கள். அப்படிக் கொடுத்தவர்களின் பெயர்கள் ஆல்பத்தோடு வந்த புத்தகத்தில் அச்சாகியிருக்கின்றன. அதிலிருந்து வந்த 'யூ'ர் கான்' என்ற சிங்கிள் (தனியாக வெளியிட்ட பாட்டு) பிரிட்டனில் ஏழாம் இடம் வரை போனது. பெரிய நிறுவனத்தை விட்டு வந்து ஒன்பது ஆண்டு ஆன குழுவுக்கு இது சாதாரண விஷயமில்லை.

வாங்கும்போது கவனம்: இந்த ஆல்பத்துக்கு இரண்டு பதிப்புகள் உண்டு. கடைகளுக்காக வந்தது ஒற்றைத் தட்டு. முழுமையானது இரட்டைத் தட்டு. ஒற்றைத் தட்டில் 'ஓஷன் கிளவுட்' கிடையாது. கிட்டத்தட்ட 18 நிமிடப் பாட்டு அது. அட்லாண்டிக் கடலை இரு திசையிலும் தன்னந்தனியாகத் துடுப்புப் போட்டுக் கடந்த டான் ஆலம் என்பவரை நினைத்து எழுதப்பட்டது. இந்தக் குழுவை ஏன் கேட்க வேண்டும் என்று யாராவது கேட்டால் நான் போட்டுக் காட்டும் பாட்டும் இதுதான். ஸ்ட்ரீமிங்கில் கேட்பவர்களும் பட்டியலில் அந்தப் பெயர் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத் தொடங்குங்கள்.

படி 3: தட்டு எண்

இரண்டு தட்டுகளையும் கணினியில் ஏற்றியபோது நான் எல்லா ஃபைல்களையும் ஒரே ஃபோல்டரில் கொட்டினேன். டிராக் எண் இருந்தது, டிஸ்க் எண் இல்லை. பிளேயர் என்ன செய்யும்? இரண்டு ஒன்றாம் எண், இரண்டு இரண்டாம் எண் என்று ஜோடி ஜோடியாக வாசிக்கும். 'தி இன்விசிபிள் மேன்' முடிந்ததும் 'மார்பிள்ஸ் 3' வந்தது, அதற்குப் பிறகு 'மார்பிள்ஸ் 1'. புரோகிரசிவ் ராக் என்றால் கதையைப் பின்னாலிருந்து சொல்வார்கள் போல என்று ஒரு மாதம் ரசித்துக் கேட்டிருக்கிறேன். ஒரு நண்பரிடம் அதன் "கதைக்கட்டமைப்பு" பற்றி விளக்கவும் செய்தேன். அதை நினைத்தால் இப்போதும் கூசுகிறது.

எம்பி3டேக் என்ற இலவச மென்பொருளில் இரண்டாம் தட்டின் ஃபைல்களைத் தேர்ந்தெடுத்து டிஸ்க் எண் 2 என்று போடுங்கள், முதல் தட்டுக்கு 1. அவ்வளவுதான். டேக் (ஃபைலுக்குள் இருக்கும் பெயர், எண் விவரம்) மாற்ற வேறு எதையும் நான் பரிந்துரைக்க மாட்டேன். தானாகவே இணையத்தில் தேடிப் பெயர் போடும் கருவிகள், இவ்வளவு பதிப்புகள் உள்ள குழுவிடம் தடுமாறிவிடும்.

படி 4: இடைவெளியை ஒழிப்பது

என்னை அதிகம் படுத்திய இடம் இதுதான். மெதுவாகப் படியுங்கள்.

2016-இல் வந்த 'எஃப்.இ.ஏ.ஆர்.' (F E A R) ஆல்பத்தில் 17 டிராக்குகள் தெரியும். உண்மையில் ஆறு பாட்டுகள்தான். 'எல் டொராடோ' ஐந்து ஃபைல், 'தி லீவர்ஸ்' ஐந்து ஃபைல், 'தி நியூ கிங்ஸ்' நான்கு ஃபைல், மீதி மூன்றும் ஒற்றை. ஒரே பாட்டின் துண்டுகளுக்கு நடுவில் பிளேயர் அரை வினாடி மௌனம் விட்டால் என்ன ஆகும்? ஆலாபனை முடிந்து தானத்துக்குப் போகும்போது யாரோ மைக்கை அணைத்துப் போட்டது மாதிரி இருக்கும். 1994-இன் 'பிரேவ்' ஆல்பமும் 70 நிமிடத்துக்கு மேல் ஒரே ஓட்டம்.

மௌனம் எங்கிருந்து வருகிறது? எம்பி3 ஒலியை 1152 மாதிரிகள் கொண்ட சிறு கட்டங்களாகச் சேமிக்கிறது. பாட்டு சரியாக ஒரு கட்டத்தின் முடிவில் முடியாது, மிச்ச இடம் வெறுமையால் நிரப்பப்படும். தொடக்கத்திலும் கொஞ்சம் வெறுமை சேரும். எவ்வளவு சேர்ந்தது என்பதை லேம் என்ற, எம்பி3 உருவாக்கும் மென்பொருள் ஃபைலின் தலையிலேயே குறித்து வைக்கும். அந்தக் குறிப்பைப் படிக்கும் பிளேயர் வெறுமையை வெட்டிவிட்டு வாசிக்கும். படிக்காதது அப்படியே வாசிக்கும்.

செய்ய வேண்டியவை:

முதலில், ஸ்ட்ரீமிங் ஆப்பில் கிராஸ்ஃபேடு என்ற வசதியைப் பூஜ்யத்துக்குக் கொண்டு வாருங்கள். ஒரு பாட்டின் வாலும் அடுத்ததன் தலையும் ஒன்றன் மேல் ஒன்று விழுவது அதனால்தான். எப்போதோ ஒரு விருந்துக்காக நானே 5 வினாடி வைத்துவிட்டு மறந்துபோய், குழுவைத் திட்டிக்கொண்டிருந்தேன். பக்கத்திலேயே கேப்லெஸ் (இடைவெளி இல்லாமல்) என்று ஒரு பொத்தான் இருந்தால் அதைப் போடுங்கள்.

சிடியிலிருந்து ஏற்றுவதானால், ஒலித்தரம் குறையாமல் சேமிக்கும் ஃப்ளாக் வடிவம். அதில் இந்த வெறுமைப் பிரச்சினையே கிடையாது. ஏற்றுவதற்கு எக்ஸாக்ட் ஆடியோ காப்பி. பார்க்க இருபது ஆண்டு பழைய பில் போடும் மென்பொருள் மாதிரி இருக்கும், ஆனால் வேலையில் சுத்தம். அதில் இடைவெளியை முந்தைய டிராக்கோடு சேர்க்கும் அமைப்புதான் ஆரம்பத்திலேயே இருக்கும். அதைத் தொடாதீர்கள். "இடைவெளியை விட்டுவிடு" என்பதைத் தேர்ந்தெடுத்தால் இசையும் சேர்ந்து போகலாம்.

கேட்பதற்குக் கணினியில் ஃபூபார்2000, ஆண்ட்ராய்டில் பவர்ஆம்ப். இரண்டும் ஒட்டிக் கொடுக்கும்.

காரில் பென்டிரைவ் போட்டுக் கேட்பவர்களுக்கு இது எதுவும் உதவாது. என் காரின் பிளேயர் எதைக் கொடுத்தாலும் நடுவில் மூச்சு விடும். அதற்கு ஒரு நாட்டு வைத்தியம்: ஃபூபாரில் 'எல் டொராடோ'வின் ஐந்து ஃபைல்களையும் தேர்ந்தெடுத்து, கன்வர்ட் அமைப்பில் எல்லா டிராக்குகளையும் ஒரே ஃபைலாகச் சேர்க்கும் விருப்பத்தை எடுங்கள். ஒரு பாட்டு, ஒரு ஃபைல். 'பிரேவ்' முழுவதையும் நான் அப்படி ஒரே ஃபைலாக வைத்திருக்கிறேன். நடுவில் தாவ முடியாது. தாவக் கூடாது என்பதுதான் எனக்கும் வேண்டும்.

சோதிக்க, 'எல் டொராடோ'வின் ஒவ்வொரு துண்டிலும் கடைசி பத்து வினாடிக்கு நகர்த்தி, அடுத்ததுக்குள் போகும்வரை ஹெட்ஃபோனில் கேளுங்கள். நான்கு இணைப்புகளிலும் தடுக்கவில்லை என்றால் சரி.

பின்சேர்க்கை: எல்லாம் செய்தும் துண்டுக்குத் துண்டு சத்தம் ஏறி இறங்குகிறது என்று இரண்டு வாசகர்கள் எழுதியிருந்தார்கள். சத்த அளவைச் சமன் செய்யும் ரீப்ளேகெயின் என்ற வசதி 'டிராக்' முறையில் இருந்திருக்கிறது. அது மெதுவான துண்டைத் தூக்கி, பலமான துண்டை அமுக்கி, இரண்டையும் சமமாக்கப் பார்க்கும். 'ஆல்பம்' முறைக்கு மாற்றுங்கள். இதை நான் முதலிலேயே எழுதியிருக்க வேண்டும், என்னுடையது எப்போதும் அப்படியே இருந்ததால் தோன்றவில்லை.

படி 5: அடுத்து எதை

'மார்பிள்ஸ்' ஒரு வாரம். பிறகு 'எஃப்.இ.ஏ.ஆர்.' கேளுங்கள். பணம், பேராசை, எல்லாரையும் விட்டுவிட்டு ஓடும் மனநிலை பற்றிய கோபமான ஆல்பம். பிரிட்டனில் நான்காம் இடம் வந்தது. இதற்கான முன்பதிவை பிளெட்ஜ்மியூசிக் என்ற தளத்தில் நடத்தினார்கள். அந்தத் தளம் பல கலைஞர்களுக்குச் சேர வேண்டிய பணத்தோடு 2019-இல் மூழ்கிப்போனது. முன்பணம் வாங்கும் வழியைத் தாங்களே கண்டுபிடித்த குழு, அதை இன்னொருவர் கையில் கொடுத்த ஆல்பம் தப்பித்துக்கொண்டது.

அதற்கு அடுத்தது 2022-இன் 'அன் அவர் பிஃபோர் இட்ஸ் டார்க்'. கடைசிப் பாட்டு 'கேர்' வரை பொறுமையாக இருங்கள். பிரிட்டனில் இரண்டாம் இடம்.

இதற்கெல்லாம் பிறகு முதல் ஃபோல்டரைத் திறந்து 'பிரேவ்'. செவர்ன் பாலத்தில் தன்னைப் பற்றி எதுவும் சொல்லாமல் நின்றிருந்த ஒரு பெண்ணைப் பற்றிய வானொலி அறிவிப்பிலிருந்து பிறந்த கதை. ஸ்டீவன் வில்சன் என்ற இசைக்கலைஞர் 2018-இல் புதிதாகக் கலந்த (ரீமிக்ஸ்) பதிப்பும் உண்டு. கருவிகள் தெளிவாக இருக்கும். எனக்கு அந்தப் பழைய மங்கல்தான் பிடிக்கிறது. மாறாக 1998-இன் 'ரேடியேஷன்' வேண்டுமென்றால் 2013-இல் மறுபடி கலந்ததை மட்டும் எடுங்கள். பழையதில் குரல் தகரத்துக்குள்ளிருந்து வருவது மாதிரி இருக்கும்.

'மிஸ்பிளேஸ்டு சைல்டுஹுட்' இந்த வரிசையில் கடைசி. அப்போது ஃபிஷ்ஷை ஒப்பிடாமல் கேட்க முடியும். எனக்கு முடிந்தது.

லைவ் ஆல்பங்களுக்குள் இப்போதைக்கு நுழையாதீர்கள். ரேக்கெட் (Racket) ரெக்கார்ட்ஸ் என்று சொந்தமாக ஒரு லேபிள் நடத்துகிறார்கள், அதில் கச்சேரிப் பதிவுகள் குவிந்து கிடக்கின்றன. 2002-லிருந்து ரசிகர்களுக்கென்றே வார இறுதி விழாவும் நடத்துகிறார்கள், அந்தப் பதிவுகள் வேறு. ஒன்றே ஒன்று வேண்டுமானால் 2017-இல் லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹாலில் பதிவான 'ஆல் ஒன் டுநைட்'. முதல் பாதியில் 'எஃப்.இ.ஏ.ஆர்.' முழுவதும், இரண்டாம் பாதியில் நான்கு வயலின் குடும்பக் கருவிகளோடு பழைய பாட்டுகள். அதுவும் இரட்டைத் தட்டுதான். டிஸ்க் எண் போட்டுவிட்டு ஏற்றுங்கள், நான் மறுபடியும் மறந்துவிட்டேன்.